ஒரு வாரம் பெஞ்சில்

அந்த நாற்காலி வேண்டாம்மா. கால் ஆடும். இதில் உட்கார். கேமராக்காரத் தம்பி, நீங்களும் உட்காருங்கள். மாதாந்திரப் பராமரிப்பு என்று காலையில் நிறுத்தினார்கள். இரண்டு மணிக்குக் கரண்ட் வரும். லைட் இல்லாமல் எடுக்க முடியாது என்கிறீர்கள். அரை மணி நேரம். அதற்குள் நான் செத்துவிடமாட்டேன்.

பேர் என்ன சொன்னாய்? யாழினி. சரி.

அந்தக் கேள்வித்தாளை மடித்து வை. அதில் என்ன இருக்கும் என்று எனக்குத் தெரியும். உங்கள் இளமைக்காலம். எழுத்துக்கு எப்படி வந்தீர்கள். இன்றைய இளைஞர்களுக்கு என்ன சொல்ல விரும்புகிறீர்கள். ஒன்றும் விரும்பவில்லை.

கேட்கவேண்டியதை நீ கேட்கவில்லை. பேட்டி என்றால் கதவைச் சாத்துகிற ஏகாம்பரம், நீ போன் செய்ததும் ஏன் ஒரே வார்த்தையில் வா என்றான்? அதைக் கேட்டிருக்க வேண்டும். பரவாயில்லை. நானே சொல்கிறேன்.

போன மாசி மாசம் ஒரு டிவியிலிருந்து வந்தார்கள். உங்கள் டிவி இல்லை, வேறு. ஏழு பேர். என்னைப் பேட்டி எடுக்க ஒருத்தி. மற்ற ஆறு பேரும் என் வீட்டை மாற்ற. பிரிட்ஜை நகர்த்தினார்கள். பரணிலிருந்த புத்தகத்தை இறக்கி நிறம் பார்த்து அடுக்கினார்கள். என் புத்தகம் போதவில்லை. பக்கத்து வீட்டு வக்கீலிடம் தடித்தடியாக நாலு வாங்கி வந்து சொருகினார்கள். பார்த்தவர்கள் நான் சிவில் நடைமுறைச் சட்டம் படித்துக் கதை எழுதுகிறேன் என்று நினைத்திருப்பார்கள். முகத்துக்குப் பவுடர் போட்டார்கள். எழுபத்தொன்பது வயதில் இது இரண்டாவது தடவை. முதல் தடவை கல்யாணத்தில்.

டைரக்டர் என்று ஒரு தாடிக்காரர். “சார், கண்ணாடியக் கழட்டிடுங்க. லைட்டு அடிக்குது” என்றார். கழட்டினேன். கண்ணாடி இல்லாமல் எனக்கு ஒன்றும் தெரியாது. அதை ஞாபகம் வைத்துக்கொள். பின்னால் வரும்.

பேட்டி எடுத்தவள் கெட்டிக்காரி. நாவலைப் படித்துவிட்டு வந்திருந்தாள். ‘இறங்குமிடம்’. நீ படித்திருக்கிறாயா?

காலேஜில் பாடமா. ஓ.

அந்தப் பஸ் ஸ்டாண்ட் காட்சி கேள்வியாக வந்ததா? வந்திருக்குமே. ‘குழந்தையை விட்டுச்செல்லும் தாயின் மனநிலையை விளக்குக.’ பத்து மார்க். நீ எவ்வளவு வாங்கினாய்? எட்டா. தப்பு. அந்தத் தாய்க்கு அப்படி ஒரு மனநிலையே இல்லை. சொல்கிறேன், இரு.

பேட்டி எடுத்தவளும் அதைத்தான் கேட்டாள். “சார், அந்தக் காட்சி கற்பனையா, நடந்ததா?”

“என் நாவலில் கற்பனை கிடையாது. ஒரு வரிகூட. எல்லாம் நடந்தது” என்றேன்.

இருபத்தேழு வருஷமாக இதே பதில்தான். கேட்டால் வாய் தானாகச் சொல்லும். பல் தேய்க்கிற மாதிரி.

நடந்ததைச் சொல்கிறேன். சௌந்தரம் என்று எனக்கு ஒரு தங்கை. செய்யாற்றில் கட்டிக்கொடுத்தோம். அடிக்கிறவன். ஆறு வருஷம் குழந்தை இல்லை என்று அடித்தான். அப்புறம் வாசுகி பிறந்தாள். பெண் பிறந்தது என்று அடித்தான். குழந்தைக்கு ஒன்றரை வயதாகும்போது ஒரு நாள் பகலில், அவன் சாப்பிட்டுவிட்டுப் படுத்த நேரம், குழந்தையைத் தூக்கிக்கொண்டு பஸ் ஏறி ஆரணிக்கு வந்துவிட்டாள். இந்த வீட்டுக்குத்தான். பிறகு சத்துணவு அமைப்பாளர் வேலை கிடைத்தது. தனி வீடு பார்த்துப் போனாள். தூரம் இல்லை. இங்கிருந்து இரண்டு தெரு.

பத்து வருஷம் கழித்து ஒரு வாரப் பத்திரிகையில் தொடர்கதை கேட்டார்கள். என்ன எழுதுவது என்று தெரியவில்லை. சௌந்தரம்தான் சொன்னாள். “என் கதைய எழுது அண்ணா. உள்ளத உள்ளபடி எழுது. நாலு பொம்பளைங்க படிக்கட்டும்.” சாயந்திரம் வேலை முடிந்து வந்து உட்கார்ந்து சொல்வாள். நான் குறித்துக்கொள்வேன். நான் சர்வேயராக இருந்தவன் அம்மா. சங்கிலி பிடித்து நிலம் அளந்தவன். சங்கிலியில் ஒரு லிங்க், ஒரு கண்ணி தப்பினாலும் திரும்ப அளப்பேன். முதல் வாரமே பத்திரிகையில் கட்டம் கட்டிப் போட்டார்கள்: இதில் ஒரு வரிகூடக் கற்பனை இல்லை, இப்படிக்கு ஆசிரியர் ஏகாம்பரம். பேரை மாற்றியிருந்தேன். ஊரை மாற்றவில்லை. யார் கதை என்று ஆரணிக்கே தெரியும். சௌந்தரத்துக்கு அதில் வெட்கமில்லை. வாரா வாரம் கடையில் வாங்கி, வாசுகியையே சத்தமாகப் படிக்கச்சொல்வாள். “படிடி. அம்மா பட்டது அத்தனையும் உன் மாமன் எழுதுறாரு.”

பதினெட்டு வாரம் உள்ளது உள்ளபடி போனது.

நீ வாரப் பத்திரிகையில் தொடர் எழுதியிருக்கிறாயா? இல்லை. வாரத்துக்கு ஆறு பக்கம். ஆறாவது பக்கத்தின் கடைசி வரியில் வாசகன் மூச்சுப் பிடித்து நிற்க வேண்டும். நின்றால்தான் அடுத்த வாரம் வாங்குவான். நிற்காவிட்டால் பத்திரிகை ஆசிரியர் போன் செய்வார். “என்ன ஏகாம்பரம், இந்த வாரம் தூங்கிட்டீங்களா?”

பத்தொன்பதாவது வாரம் அவள் வீட்டைவிட்டு வருகிறாள். பஸ் ஸ்டாண்டுக்கு வந்தாள், பஸ் வந்தது, ஏறினாள், ஆரணியில் இறங்கினாள். நடந்தது அவ்வளவுதான். இதில் எந்த இடத்தில் மூச்சைப் பிடிப்பது? செவ்வாய்க்கிழமை காலையில் தபாலில் சேர்க்க வேண்டும். திங்கள்கிழமை சாயந்திரம் வரைக்கும் உட்கார்ந்து பார்த்தேன். வரவில்லை. அப்புறம் குழந்தையைப் பெஞ்சில் உட்காரவைத்தேன். கையில் ஒரு பன் கொடுத்தேன். அவள் மட்டும் பஸ்ஸில் ஏறினாள். பஸ் புறப்பட்டது. தொடரும்.

அடுத்த வாரம் எடுத்துவிட்டேன் அம்மா. இரண்டாவது ஸ்டாப்பில் அவளை இறக்கி, வெயிலில் திரும்பி ஓடவிட்டு, குழந்தையிடம் சேர்த்துவிட்டேன். குழந்தை அப்படியே உட்கார்ந்திருந்தது. பன் அப்படியே இருந்தது, கடிக்கவில்லை. நல்ல விவரம் அது. அந்தப் பன்னுக்குத்தான் விருது கொடுத்தார்கள் என்று ஒரு விமர்சகர் எழுதினார். ஷீல்டு அதோ அலமாரியில் இருக்கிறது.

ஒரு வாரம்தான் பெஞ்சில் இருந்தது. ஏழு நாள்.

வாசுகி அப்போது ஏழாவது படித்தாள். அந்த ஏழு நாளில் பள்ளிக்கூடத்தில் ஒரு பிள்ளை கேட்டிருக்கிறது. “உங்கம்மா உன்ன பஸ் ஸ்டாண்டுல உட்டுட்டுப் பூட்டாங்களாமே?” வீட்டுக்கு வந்து அம்மாவைக் கேட்டிருக்கிறாள். இல்லடி, அது மாமா கதைக்காக எழுதினது என்று இவள் சொல்லியிருக்கிறாள். “மாமா பொய் எழுதமாட்டாரே. நீதானே சொன்ன?” என்று கேட்டிருக்கிறது அந்தக் குழந்தை.

சௌந்தரம் இங்கே வந்தாள். உட்காரவில்லை. அந்தக் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

“அண்ணா, நீ வந்து அவகிட்ட ஒரு வார்த்த சொல்லு.”

“பதறாத. அடுத்த வாரம் எடுத்துடுறேன்.”

“யார எடுக்கிற? நான் எறக்கவே இல்லியே அவள. டிக்கெட் வாங்கக்கூட எறக்கல. ரெண்டு கையாலயும் புடிச்சிக்கினு நின்னேன். கண்டக்டர்தான் என் முந்தானை முடிச்ச அவுத்து சில்லறை எடுத்துக்கினாரு.”

பார். எவ்வளவு நல்ல இடம். இரண்டு கையும் குழந்தையிடம். முன்பின் தெரியாத ஆள் முந்தானை முடிச்சை அவிழ்க்கிறார். அதை அன்றைக்குத்தான் முதல் தடவையாகச் சொன்னாள். மூன்று மாசம் உட்கார்ந்து கதை சொன்னவள் இதைச் சொல்லவில்லை. “இத முன்னாடியே சொல்லியிருந்தா பத்தொன்பதாவது வாரத்த இதுலயே முடிச்சிருப்பேனே” என்றேன். தொழில் தெரிந்தவன் அப்படித்தான் சொல்வான். அவள் என் முகத்தைப் பார்த்தாள். போய்விட்டாள். அதற்குப் பிறகு பேசவில்லை.

அவளுக்குக் கோபம் அதிகம். எங்கள் அப்பாவுக்கும் அப்படித்தான்.

நான் போய்ச் சொல்லியிருக்கலாம் என்கிறாய். எப்படிச் சொல்வது? ஒரு வரிகூடக் கற்பனை இல்லை என்று கட்டம் கட்டிப் போட்டிருக்கிறது. வாசகர் கடிதம் மூட்டையாக வருகிறது. புத்தகம் ஆகிறது. விருது. அப்புறம் பாடம். ஒவ்வொரு வருஷமும் கொஞ்சம் சிமெண்டு. வாசுகி மேல்படிப்புக்கு ஹாஸ்டல் போனாள். வேலைக்கு ஓசூர் போனாள். அங்கேயே கல்யாணம். அம்மாவிடம் பொங்கலுக்குப் பொங்கல் ஒரு போன். சண்டை கிடையாது. ஒரு பேச்சும் கிடையாது. கல்யாணத்தில் தாய்மாமன் மாலை போட வேண்டும். என் இடத்தில் வேறொருத்தன் நின்று போட்டான். செய்யாற்று வழியில் எவனோ. மாலையை நேராகக்கூடப் போடத் தெரியவில்லையாம். என் வீட்டுக்காரி போய்ப் பார்த்துவிட்டு வந்து சொன்னாள்.

ஆமாம், தையல்நாயகி போவாள். அவளும் சௌந்தரமும் பேசிக்கொள்வார்கள். எனக்குத் தெரியாது என்று நினைக்கிறாள். வருஷா வருஷம் நார்த்தங்காய் ஊறுகாய் வருகிறது. கடையில் வாங்கினேன் என்பாள். எங்கள் அம்மா கைப்பக்குவத்தில் எந்தக் கடையில் விற்கிறான்? நான் கேட்டதில்லை. சாப்பிட்டுக்கொண்டிருக்கிறேன்.

டிவிக்கு வருகிறேன்.

பேட்டி முடிந்தது. எழுந்தேன். தாடிக்காரர் விடவில்லை. “சார், நீங்க எழுதுற மாதிரி ஒரு ஷாட் வேணும். பேட்டிக்கு நடுவுல போடுவோம். சும்மா எழுதுங்க. கைதான் தெரியும். என்ன எழுதுறீங்கன்னு தெரியாது.”

நான் எழுதி ஒன்பது வருஷம் ஆகிறது. பேனாவில் மை இல்லை. அவரே ஒரு பேனா கொடுத்தார். தடிமனாக எழுதுகிற பேனா. காகிதம் வைத்தார்கள். கண்ணாடி இல்லை. எனக்குக் காகிதம் வெள்ளையாகத் தெரிந்தது, அவ்வளவுதான். பெரிசு பெரிசாக முருகா துணை என்று எழுதினேன். “இன்னும் சார்” என்றார். இன்னொரு முருகா துணை. “நிறுத்தாதீங்க சார். யோசிச்சு எழுதுற மாதிரி. கேமரா கிட்ட வருது.”

யோசித்தேன்.

கை எழுதியது. நான் ஒன்றும் திட்டம் போட்டு எழுதவில்லை. அதைச் சொல்லிவிடுகிறேன். ‘சௌந்தரம் பஸ்ஸில் ஏறும்போது வாசுகி இடுப்பில் இருந்தாள். அவள் எங்கேயும் இறக்கவில்லை. நான்தான் இறக்கினேன்.’

“சூப்பர் சார்” என்றார் தாடிக்காரர். காகிதத்தை மடித்து ஜிப்பா பையில் போட்டேன். தையல்நாயகி அதையும் சேர்த்துத் துவைத்துவிட்டாள். முடிந்தது என்று நினைத்தேன்.

ஞாயிற்றுக்கிழமை காலை பத்தரைக்குப் போட்டார்கள். கண்ணாடி போட்டுக்கொண்டு பார்த்தேன். என் குரல் வருகிறது: ‘என் நாவலில் கற்பனை கிடையாது. ஒரு வரிகூட. எல்லாம் நடந்தது.’ திரையில் என் கை. கை மட்டும் இல்லை. காகிதம் முழுக்க. சுவரெழுத்து மாதிரி. நான்தான் இறக்கினேன்.

தையல்நாயகி எழுத்துக்கூட்டிப் படித்தாள். “என்னங்க இது, சௌந்தரம்னு போட்டிருக்கு?”

“கைதான் தெரியும்னு சொன்னான்” என்றேன்.

அன்றைக்கு ஒன்பது பேர் போன் செய்தார்கள். மூன்று பேர் ஜிப்பா நன்றாக இருந்தது என்றார்கள். ஒரு பேராசிரியர் வக்கீல் புத்தகத்தைப் பற்றிக் கேட்டார். ஒருவர்கூட அந்தக் காகிதத்தைப் படிக்கவில்லை. எழுத்தாளன் எழுதியதைத் தமிழ்நாட்டில் யார் படிக்கிறார்கள்.

புதன்கிழமை ஒரு போன் வந்தது. ஓசூரிலிருந்து.

“மாமா, வாசுகி பேசுறேன்.”

இருபத்தேழு வருஷம். பன்னிரண்டு வயதுக் குரல்தான் என் காதில் இருந்தது. இது வேறு குரல். “சொல்லு” என்றேன்.

“யாரோ வீடியோ அனுப்பினாங்க. நிறுத்தி நிறுத்திப் பார்த்தேன். வாயில ஒண்ணு சொல்றீங்க, கையில ஒண்ணு எழுதுறீங்க. எது மாமா நெசம்?”

“நல்லா இருக்கியா?”

“எது நெசம்?”

நான் என்ன சொன்னேன் தெரியுமா. “டிவிக்காரங்க எழுதச் சொன்னாங்க. எழுதினேன்.”

“அப்ப அது சும்மா எழுதினதா?” என்றாள்.

போன் கட்டாகிவிட்டது. இங்கே சிக்னல் சரியில்லை.

என்ன பார்க்கிறாய்? சரி. நான்தான் வைத்தேன்.

அந்த மாசம் ஊறுகாய் தீர்ந்தது. ஜாடியைக் காட்டினேன். தையல்நாயகி, “தீந்துபோச்சு” என்றாள்.

“வாங்கிட்டு வா.”

“எங்க வாங்குறது? அந்தக் கடைய மூடிட்டாங்க.”

அப்புறம் அவளே உட்கார்ந்தாள். இத்தனை வருஷத்தில் முதல் தடவையாக அவர்கள் பேச்சைத் தானாக எடுத்தாள். “வாசுகி அவங்கம்மாவுக்கும் போன் பண்ணியிருக்குது. மணிக்கணக்கா அழுதிச்சாம். நம்பலாமா நம்பக்கூடாதான்னு தெரியல, மாமா திரும்பவும் மாத்திச் சொல்றாருன்னுச்சாம். உங்க தங்கச்சி உங்களுக்கு ஒரு வார்த்த சொல்லச் சொன்னா.”

“என்னவாம்?”

“கை எழுதினத வாய் சொல்லட்டும். அப்புறம் பாக்கலாம். அவ்ளோதான்.”

எங்கள் அப்பாவும் இப்படித்தான் பேசுவார். நாலு வார்த்தை. இவள் எழுதியிருந்தால் என்னைவிட நன்றாக எழுதியிருப்பாள். அதை அவளிடம் சொன்னதில்லை.

ஒரு தடவை கிளம்பினேன். சட்டை போட்டு, செருப்பு போட்டு, இரண்டாவது தெரு முனை வரைக்கும் போனேன். அங்கே ஒரு மருந்துக்கடை. மாத்திரை வாங்கிக்கொண்டு வந்துவிட்டேன். மாத்திரை வேண்டியிருந்தது.

சிரிக்காதே. தம்பி, நீங்களும்.

அடுத்த நாள்தான் உன் போன். அதனால்தான் வா என்றேன். நீ கேட்பது புரிகிறது. இரண்டு தெரு, நடந்து போய்ச் சொல்லாமல் டிவியில் சொல்வானேன்? அம்மா, நான் அந்தக் குழந்தையை அச்சில் உட்காரவைத்தேன். லட்சம் பேர் பார்த்தார்கள். உன்னை மாதிரிப் பிள்ளைகள் மனப்பாடம் செய்து மார்க் வாங்குகிறார்கள். ஒரு வீட்டு வாசலில் நின்று ரகசியமாக எடுத்துக்கொண்டு வர முடியாது. உட்காரவைத்த இடத்திலிருந்துதான் எடுக்க வேண்டும்.

மருந்துக்கடையும் ஒரு காரணம்தான். இல்லை என்று சொல்லவில்லை.

அந்தக் காட்சி போய்விட்டால் நாவலில் என்ன மிஞ்சும் என்று யோசித்துப் பார்த்தேன். பன் போய்விடும். விருது கொடுத்தவர்கள் திருப்பிக் கேட்பார்களா என்று தெரியவில்லை. கேட்டால் ஷீல்டைத் தூக்கிக்கொண்டு போகட்டும், தூசி தட்ட முடியவில்லை. உன் எட்டு மார்க்கை யாரும் கேட்கமாட்டார்கள். பயப்படாதே.

இப்போது உனக்குச் சொல்ல வேண்டியது இரண்டு.

ஒன்று, கண்ணாடியைக் கழட்டமாட்டேன். லைட் அடித்தால் அடிக்கட்டும்.

இரண்டாவது. நீங்கள் நடுநடுவே விளம்பரம் போடுவீர்கள். ஒரு ஆள் முக்கியமான விஷயத்துக்கு வாயைத் திறந்ததும் இடைவேளைக்குப் பிறகு என்று நிறுத்துவீர்கள். எனக்குத் தெரியும். அந்த வித்தையை உங்களுக்கு முன்னால் செய்தவன் நான். நான் ‘குழந்தை’ என்று ஆரம்பித்தால், முடிக்கிற வரைக்கும் வெட்டக்கூடாது. சோப்பு விற்பதெல்லாம் அப்புறம். அந்தப் பெண்ணை இன்னொரு தடவை பெஞ்சில் உட்காரவைக்க முடியாது. மூன்று நிமிஷம்கூட முடியாது. உன் ஆபீசில் எழுதி வாங்கித் தருவாயா? சரி, உன் வார்த்தை போதும். நீ தாடி வைத்திருக்கவில்லை.

பார், பேன் சுற்றுகிறது. வந்துவிட்டது. ஒன்று ஐம்பது. பத்து நிமிஷம் முன்னாலேயே விட்டுவிட்டான். வாழ்க்கையில் முதல் தடவை.

லைட்டைப் போடுங்கள் தம்பி. இப்படி உட்காரட்டுமா? பவுடர் வேண்டாம். தையல்நாயகி, மிக்சியை நிறுத்து. இல்லை, நிறுத்திவிட்டு இங்கே வந்து நில். நீயும் கேள்.

கேள்வி வேண்டாம் அம்மா. நேராகச் சொல்லிவிடுகிறேன். கேள்வி கேட்டால் வாய் பழையதைச் சொல்லிவிடும்.

நான் ஏகாம்பரம். ‘இறங்குமிடம்’ நாவலின் பத்தொன்பதாவது அத்தியாயம் பொய். என் தங்கை சௌந்தரம் செய்யாறு பஸ் ஸ்டாண்டில் குழந்தையைப் பெஞ்சில் விட்டுப் போகவில்லை. அங்கே பெஞ்சு இருந்ததா என்றுகூட எனக்குத் தெரியாது. குழந்தை அவள் இடுப்பில் இருந்தது. இரண்டு கையாலும் பிடித்திருந்தாள். டிக்கெட்டுக்குச் சில்லறை எடுக்கக்கூட ஒரு கையை எடுக்கவில்லை. கண்டக்டர் முந்தானை முடிச்சை அவிழ்த்து எடுத்துக்கொண்டார். குழந்தையை இறக்கியவன் நான். வாசுகி, நான். எனக்கு அந்த வாரம் முடிவு கிடைக்கவில்லை.

அவ்வளவுதான்.

என்ன தம்பி? என்ன கையைக் காட்டுகிறீர்கள்?

ஓடவில்லையா. லைட்தான் போட்டீர்களா, கேமராவைப் போடவில்லையா.

தலையில் அடித்துக்கொள்ள வேண்டாம். உட்காருங்கள். தையல்நாயகி, கண்ணைத் துடை. திரும்பவும் அழ வேண்டியிருக்கும்.

போடுங்கள். இன்னொரு தடவை சொல்கிறேன். இப்போது வாய்க்கு வருகிறது.